பூட்டு யாரை அறியும்?

கள்ளன் பெரியவனா, காப்பான் பெரியவனா என்று நம் முன்னோர் ஒரு கேள்வியை விட்டுச் சென்றனர். அக்கேள்விக்கு இன்றளவும் முடிவான விடை கிடைத்தபாடில்லை. பூட்டுச் செய்பவர் ஒரு படி ஏறினால், அதை உடைப்பவர் இரண்டு படி ஏறிவிடுகிறார். ஆனால் இவ்விருவருக்கும் இடையே மூன்றாமவர் ஒருவர் உண்டு. அவரைப் பற்றி அப்பழமொழி பேசவில்லை. சாவியைத் தொலைத்துவிட்டு, தம் சொந்த வீட்டு வாசலிலேயே கள்ளனைப் போல் நிற்கும் வீட்டுக்காரரே அவர். பூட்டுக்கு அவரைத் தெரியாது. அதற்குத் தெரிந்ததெல்லாம் சாவி ஒன்றே.

முற்காலத்தில் இதற்கு எளிய வழி இருந்தது. பூட்டுத் திறக்கும் கொல்லரை அழைத்து வருவார்கள். அவர் வந்த மாத்திரத்தில் சுத்தியலை ஓங்குவதில்லை. தெருவில் நிற்கும் நாலு பேரைப் பார்த்து, "இது இவர் வீடுதானே?" என்று கேட்பார். ஊரார் "ஆம்" என்ற பின்னரே பூட்டு உடையும். பூட்டு அறியாத உண்மையை ஊர் அறிந்திருந்தது.

இன்று நம்மில் பெரும்பாலோர் சட்டைப் பையிலும் கைப்பையிலும் ஒரு பூட்டைச் சுமந்து திரிகிறோம். ஸ்மார்ட்போன் எனப்படும் திறன்பேசியில் உள்ள பூட்டையே குறிப்பிடுகிறேன். அதிலுள்ள அனைத்தையும் அழித்து, புதிதாக வாங்கியபோது இருந்த நிலைக்குக் கொண்டுவருவதை 'ரீசெட்' செய்தல் என்கிறோம். அவ்வாறு ரீசெட் செய்து மீண்டும் இயக்கும்போது, "இக்கைபேசியில் முன்பு இருந்த கூகுள் கணக்கு எது? அதன் கடவுச்சொல் என்ன?" என்று அது கேட்கும். விடை சரியாக இல்லையெனில் அதற்கு மேல் ஓர் அடியும் நகராது. பழுது பார்க்கும் கடைகளில் இதனை 'எஃப்.ஆர்.பி. லாக்' என்றும், 'ஜிமெயில் லாக்' என்றும் சொல்வர். ஆப்பிள் நிறுவனத்தின் ஐபோனில் இதற்கு 'ஆக்டிவேஷன் லாக்' என்று பெயர்.

இப்பூட்டினால் விளைந்த நன்மை பெரிது. அதனால் நேரும் துன்பமும் சிறிதன்று. அத்துன்பத்தைத் தீர்க்கும் பொறுப்பு, நம் தெருமுனையில் நான்கடி மேசை போட்டு அமர்ந்திருக்கும் பழுது பார்ப்பவரின் தலையில் வந்து விழுந்திருக்கிறது. இதனை நம் குடும்பங்கள் சற்றே அமைதியாகச் சிந்தித்துப் பார்ப்பது நலம்.

பூட்டு பிறந்த கதை

திறன்பேசிகள் பெருகத் தொடங்கிய காலத்தில் அவற்றைத் திருடுவோரும் பெருகினர். அமெரிக்காவில் 2013-ஆம் ஆண்டில் மட்டும் 31 இலட்சம் கைபேசிகள் திருடப்பட்டதாக அந்நாட்டின் 'கன்ஸ்யூமர் ரிப்போர்ட்ஸ்' என்னும் நுகர்வோர் இதழ் மதிப்பிட்டது. தெருவில் நடந்து செல்வோரை அடித்தும் கத்தியைக் காட்டியும் பறித்துச் சென்ற நிகழ்ச்சிகளும் அவற்றுள் அடங்கும். திருடியவன் கைபேசியின் பக்கத்திலுள்ள பொத்தான்களைச் சேர்த்து அழுத்தி, சில நிமிடங்களில் அனைத்தையும் அழித்துவிடுவான். அதன்பின் அது புதிய கைபேசி. உடையவரின் அடையாளம் எதுவும் அதில் எஞ்சாது. சந்தையில் நல்ல விலைக்குப் போகும்.

நியூயார்க் மாநிலத்தின் அப்போதைய அரசுத் தலைமை வழக்கறிஞர் எரிக் ஷ்னைடர்மனும், சான் பிரான்சிஸ்கோ நகரின் அப்போதைய மாவட்ட வழக்கறிஞர் ஜார்ஜ் காஸ்கோனும் 2013-இல் கைபேசி நிறுவனங்களை நோக்கி ஒரு கோரிக்கையை எழுப்பினர். திருடனைத் துரத்திப் பிடிப்பதைக் காட்டிலும், திருடிய பொருளையே பயனற்றதாக ஆக்கிவிடுவது மேல் என்பதே அவர்கள் கருத்து. விலை போகாத பொருளை எவன் திருடுவான்?

அவ்வாண்டு செப்டம்பரில் ஆப்பிள் நிறுவனம் இப்பூட்டைத் தன் கைபேசிகளில் பொருத்தியது. 2014 மே மாதத்தில் மின்னசோட்டா மாநிலமும், ஆகஸ்டில் கலிபோர்னியா மாநிலமும் இத்தகைய பாதுகாப்பைக் கட்டாயமாக்கிச் சட்டம் இயற்றின. 2015 ஜூலை முதல் நாளிலிருந்து அச்சட்டங்கள் நடைமுறைக்கு வந்தன. கூகுள் நிறுவனமும் 2015-இல் வெளியிட்ட ஆண்ட்ராய்டு 5.1 பதிப்பில் இதனைச் சேர்த்தது. இன்று நம் ஊர்களில் புழங்கும் கைபேசிகளில் மிகப் பெரும்பாலானவை ஆண்ட்ராய்டு வகையைச் சார்ந்தவை. ஆகவே நம் குடும்பங்கள் சந்திக்கும் பூட்டும் பெரும்பாலும் இதுவே.

பயன் உடனே தெரிந்தது. ஆப்பிள் நிறுவனம் பூட்டுப் போட்ட பின் வந்த ஓராண்டில், ஐபோன் திருட்டு சான் பிரான்சிஸ்கோவில் 40 விழுக்காடும், நியூயார்க்கில் 25 விழுக்காடும் குறைந்ததாக அதிகாரிகள் 2015-இல் அறிவித்தனர். இலண்டன் மாநகரில் திறன்பேசித் திருட்டு பாதியாகக் குறைந்தது. ஒரு பூட்டு இத்தனை பேரைத் தெருவில் அடிபடாமல் காத்தது என்றால், அதனைக் குறை கூறுமுன் நன்றி கூறுவதே முறை.

பூட்டு இயங்கும் விதம்

நாம் ஆண்ட்ராய்டு கைபேசியில் கூகுள் கணக்கைச் சேர்த்து, திரைக்கும் ஒரு பூட்டு இடும்போது, அக்கைபேசியின் நினைவகத்தில் தனியாக ஒதுக்கப்பட்ட ஒரு சிறு பகுதியில் அக்குறிப்பு பதிவாகிறது. ரீசெட் செய்தால் மற்றவை யாவும் அழியும். அச்சிறு பகுதி மட்டும் அழியாது. பிறர் பொத்தான்களை அழுத்தி வெளியிலிருந்து அழித்தாலும், கைபேசி மீண்டும் விழித்தெழும்போது அக்குறிப்பைப் பார்த்து, முந்தைய கணக்கையோ முந்தைய திரைப்பூட்டையோ கேட்கிறது. ஐபோனிலோ இப்பதிவு ஆப்பிள் நிறுவனத்தின் கணினிகளில் இருக்கிறது. உள்ளே எதை அழித்தாலும், புதிதாகத் தொடங்கும்போது கைபேசி அந்நிறுவனத்தைக் கேட்டே தீரவேண்டும்.

உடையவரே அமைப்புகள் பகுதிக்குள் சென்று, தம் திரைப்பூட்டின் எண்ணை இட்டு, முறைப்படி ரீசெட் செய்தால் ஆண்ட்ராய்டு கைபேசியில் இப்பூட்டு பொதுவாக விழுவதில்லை. கதவு வழியாக வருபவருக்குத் தடை இல்லை. சன்னல் வழியாக வருபவருக்கே தடை.

இவ்விடத்தில் பலர் குழம்பும் ஒரு செய்தியைத் தெளிவாக்க வேண்டும். திரைப்பூட்டு வேறு, ரீசெட்டுக்குப் பின் வரும் இப்பூட்டு வேறு. திரைப்பூட்டு உள்ளிருக்கும் படங்களையும் செய்திகளையும் காக்கிறது. ரீசெட் பூட்டு கைபேசி என்னும் கருவியை மட்டுமே காக்கிறது. இக்காலக் கைபேசிகளில் உள்ள செய்திகள் யாவும் மறையாக்கம் செய்யப்பட்டவை. ரீசெட் செய்யும்போது அம்மறைப்பின் திறவுகோலே அழிந்துபோகிறது. ஆகவே அதன்பின் எவ்வளவு திறமையானவர் பூட்டைத் திறந்து கொடுத்தாலும், கிடைப்பது வெறுங்கருவியே. உள்ளே இருந்த படங்கள் கைபேசியில் திரும்ப வாரா. கணக்கில் முன்னரே நகல் சேமிக்கப்பட்டிருந்தால் மட்டுமே அவற்றை மீட்கலாம்.

கணவரை இழந்த ஒரு பெண்மணி, அவருடைய கைபேசியில் உள்ள குடும்பப் படங்களுக்காகவும், அவர் குரலைக் கேட்பதற்காகவும் கடைக்கு ஓடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். "எப்படியாவது திறந்து கொடு தம்பி" என்கிறார். கடைக்காரர் 'திறத்தல்' என்பதை ரீசெட் செய்தல் என்று புரிந்துகொண்டால் என்னவாகும்? கருவி திறக்கும், கணவரின் குரல் மறையும். அந்த இழப்பை எவராலும் ஈடு செய்ய இயலாது. எனவே கடையில் கைபேசியைக் கொடுக்குமுன், "எனக்கு வேண்டியது கருவியா, உள்ளே இருப்பவையா?" என்பதை நாம் சொல்ல வேண்டும். கடைக்காரரும் கேட்க வேண்டும்.

உரியவரே வெளியே நிற்கும் நிலை

பூட்டு கள்ளனைத் தடுக்கிறது; நன்று. ஆனால் கள்ளனல்லாத மூவரையும் அது தடுக்கிறது.

முதலாமவர் நம் இல்லங்களில் உள்ள மூத்தோர். வெளியூரிலோ வெளிநாட்டிலோ வேலை பார்க்கும் மகன் ஒரு கைபேசி வாங்கித் தருகிறான். கடையில் இருக்கும் பையனே அவசரமாக ஒரு ஜிமெயில் கணக்கைத் தொடங்கி, தனக்குத் தோன்றிய கடவுச்சொல்லை இட்டுக் கொடுத்துவிடுகிறான். அது என்னவென்று தாய்க்கும் தெரியாது, மகனுக்கும் தெரியாது, நாளடைவில் அப்பையனுக்கும் மறந்துபோகும். இரண்டு ஆண்டுகள் கழித்துப் பேரப்பிள்ளை விளையாட்டாகத் திரைப்பூட்டை மாற்றிவிட, எவரோ பொத்தானை அழுத்தி ரீசெட் செய்ய, அத்தாயின் கைபேசி அவரிடமே "நீ யார்?" என்று கேட்கிறது. கணக்கை மீட்கலாம் என்றாலோ, அதில் பதிந்த பழைய சிம் எண்ணைக் கைவிட்டு நெடுநாளாயிற்று. இத்தகைய வீடுகள் பலவற்றை நான் அறிவேன்.

இரண்டாமவர் பழைய கைபேசி வாங்கியவர். கல்லூரிக்குச் செல்லும் மகளுக்காகக் கூலி வேலை செய்யும் தந்தை சில ஆயிரங்களைச் சேர்த்து, அறிந்தவர் ஒருவரிடம் வாங்குகிறார். விற்றவர் தம் கணக்கை நீக்கவில்லை. அவர் தீயவர் அல்லர். அப்படிச் செய்ய வேண்டும் என்பதை அறியாதவர். ஒருநாள் கைபேசி முடங்கி, ரீசெட் செய்தால், விற்றவரின் கணக்கைக் கேட்கிறது. அவரோ ஊர் மாறிப் போய்விட்டார்.

மூன்றாமவர் இறந்தவரின் குடும்பத்தார். நிலத்துக்குப் பத்திரம் உண்டு. வங்கிக் கணக்கிற்கு வாரிசு நியமனம் உண்டு. கைபேசிக்கோ ஒன்றுமே இல்லை. கூகுள் நிறுவனம் இறந்தவரின் கடவுச்சொல்லை நெருங்கிய உறவினருக்கும் கொடுப்பதில்லை. அந்நிறுவனத்தைக் குறை கூறவும் இயலாது. கேட்பவர் உண்மையான மனைவியா, ஏமாற்றுக்காரரா என்பதை அது எங்ஙனம் அறியும்?

கடைக்காரரின் மேசை முன்

இம்மூவரும் இறுதியில் வந்து சேர்வது பழுது பார்க்கும் கடைக்கு. நான்காமவனாகத் திருடனும் அதே மேசைக்கு முன் வந்து நிற்கிறான். நால்வரும் ஒரே சொற்களையே சொல்கிறார்கள்: "பாஸ்வேர்டு மறந்துபோச்சு தம்பி, திறந்து குடுங்க." முகத்தைப் பார்த்து யாரென்று எவ்வாறு தெளிவது?

சென்னை அண்ணா சாலைக்கு அருகில், சிந்தாதிரிப்பேட்டைப் பகுதியில் உள்ள ரிச்சி தெருவை அறியாத மின்னணுத் தொழிலாளர் நம் மாநிலத்தில் இரார். கைபேசி உதிரிப் பாகங்களும் பழுது பார்க்கும் கருவிகளும் அங்கே குவிந்து கிடக்கின்றன. அத்தெருவிலும், நம் சிற்றூர்ப் பேருந்து நிலையங்களின் அருகிலும், பத்தாம் வகுப்போ பாலிடெக்னிக்கோ படித்த இளைஞர்கள் பலர் இத்தொழிலால் குடும்பம் நடத்துகின்றனர். உடைந்த டிஸ்பிளேயை மாற்றுதல், பேட்டரி மாற்றுதல், சார்ஜிங் பின் பற்றவைத்தல், தண்ணீரில் விழுந்த கைபேசியின் போர்டைத் துடைத்து உயிர்ப்பித்தல் ஆகியவை அவர்களுடைய அன்றாடப் பணிகள். உருப்பெருக்கியின் கீழ் குனிந்து, முடியளவு கம்பியைப் பற்றவைக்கும் அக்கைத்திறன் எளிதில் வருவதன்று. ஆனால் டிஸ்பிளே வாங்க முதல் போட வேண்டும்; மாற்றும்போது அது உடைந்தால் நட்டமும் ஏற்க வேண்டும்.

பூட்டைத் திறக்கும் வேலையோ அத்தகையதன்று. கணினியோடு இணைக்கும் சிறு கருவியும், குறிப்பிட்ட காலத்துக்குக் கட்டணம் கட்டி வாங்கும் மென்பொருளும் இருந்தால், சில வகைக் கைபேசிகளைச் சில நிமிடங்களில் திறந்துவிடலாம். உதிரிப் பாகச் செலவு இல்லை, கிடைப்பதெல்லாம் கூலியே. கடை வாடகை கட்ட வேண்டிய வாரத்தில், பில் இல்லாத ஒரு கைபேசியை நீட்டி, ஒருவர் இருமடங்கு பணம் தருவதாகச் சொன்னால் என்ன செய்வது? "நீ செய்யாவிட்டால் அடுத்த கடையில் செய்து கொடுப்பான்" என்பது அவர் சொல்லும் அடுத்த வாக்கியம். அது பெரும்பாலும் உண்மையும்கூட. இவ்வாக்கியத்தின் முன்தான் ஓர் ஏழை இளைஞரின் நேர்மை நாள்தோறும் சோதிக்கப்படுகிறது.

நிறுவனங்களும் சும்மா இருக்கவில்லை. ஒவ்வோர் ஓட்டையும் கண்டுபிடிக்கப்படும்போது, பாதுகாப்புத் திருத்தங்களை அனுப்பி அதனை அடைக்கின்றன. 2024-இல் வந்த ஆண்ட்ராய்டு 15 பதிப்பில் இப்பூட்டு மேலும் இறுக்கப்பட்டது. முன்பு தொடக்கப் படிகளை எவ்வாறோ தாண்டிவிட்டால் பூட்டும் விலகியது. இப்போதோ உரிமை மெய்ப்பிக்கப்படும் வரை புதிய கணக்கைச் சேர்க்கவோ, புதிய திரைப்பூட்டு இடவோ, செயலிகளை நிறுவவோ இயலாது.

சட்டமும் உண்டு. ஒவ்வொரு கைபேசிக்கும் 15 இலக்கங்கள் கொண்ட ஐ.எம்.இ.ஐ. என்னும் அடையாள எண் உள்ளது. 2023-ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டத்தின்படி, இவ்வெண்ணைத் திருத்துபவருக்கு 3 ஆண்டுகள் வரை சிறையோ, 50 இலட்சம் ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கப்படலாம். திருட்டுப் பொருள் என்று தெரிந்தோ, அவ்வாறு நம்பக் காரணம் இருந்தோ அதனை நேர்மையற்ற முறையில் வாங்குவதும் வைத்திருப்பதும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 317-ஆம் பிரிவின்படி குற்றம். உரியவருக்காகப் பூட்டைத் திறப்பது ஒன்று. பொருளின் அடையாளத்தையே அழிப்பது வேறொன்று. முன்னது உதவி, பின்னது களவுக்குத் துணை போதல்.

நேர்மையான கடைக்காரர் என்ன செய்கிறார்? ஒரு பதிவேடு வைத்திருக்கிறார். கொண்டுவந்தவரின் பெயர், முகவரி, ஐ.எம்.இ.ஐ. எண் ஆகியவற்றை எழுதி, அடையாள அட்டையின் நகலையும் பில்லையும் கேட்கிறார். தம் கைபேசியில் 'கே.ஒய்.எம்.' என்னும் மூன்று ஆங்கில எழுத்துகளைத் தட்டி, இடைவெளி விட்டு, அந்த 15 இலக்க எண்ணையும் இட்டு, 14422 என்ற எண்ணுக்குக் குறுஞ்செய்தி அனுப்பி, அக்கைபேசி முடக்கப்பட்டதா என்று பார்க்கிறார். பில் இல்லையென்றால், "அம்மா, கோபப்படாதீங்க, பெட்டியாவது இருக்கா, வாங்கின கடையில் நகல் கிடைக்குமா, பாருங்க" என்கிறார். வந்தவர் சினந்து வெளியேறுகிறார். அன்றைய வருமானம் அவரோடு போய்விடுகிறது.

முற்காலக் கொல்லருக்கு நாலு பேரைக் கேட்க ஒரு தெரு இருந்தது. இவருக்கு இருப்பது பில்லும் பதிவேடும் குறுஞ்செய்தியுமே. அவர் பில் கேட்கும்போது நம்மைக் கள்ளன் என்று சொல்லவில்லை. நாளை நம் கைபேசி திருடு போனால், அது அவர் மேசையில் திறக்கப்படாது என்று நமக்கு உறுதி கூறுகிறார். ஆகையால் அவரிடம் முகம் சுளிப்பவர் தமக்கே காவலாக நிற்பவரிடம் முகம் சுளிக்கிறார்.

கள்ளன் அடுத்த படி ஏறினான்

இப்பூட்டோடு எல்லாம் முடிந்துவிட்டதா? இல்லை. பூட்டைத் திறக்க இயலாதபோது, கைபேசியைப் பிரித்து உதிரிப் பாகங்களாக விற்கும் வழியைத் திருடர் கண்டனர். ஓராண்டில் 40,000 வரையிலான திருட்டுக் கைபேசிகளைச் சீனாவுக்குக் கடத்தியதாக ஐயுறப்படும் ஒரு கும்பலை முறியடித்ததாக இலண்டன் காவல்துறை 2025 அக்டோபரில் அறிவித்தது. பாதியாகத் திருட்டுக் குறைந்ததாகப் பத்தாண்டுகளுக்கு முன் மகிழ்ந்த அதே நகரம் அது.

ஆப்பிள் நிறுவனம் 2024-இல் வெளியிட்ட ஐ.ஓ.எஸ். 18 பதிப்பில் இப்பூட்டை உதிரிப் பாகங்களுக்கும் நீட்டித்தது. திருட்டுக் கைபேசியிலிருந்து எடுத்த பாகம் வேறொன்றில் முழுமையாகச் செயல்படாதபடி செய்வதே நோக்கம். நோக்கம் நன்று. ஆனால் உரியவரே கணக்கை நீக்க மறந்து, குப்பையாகப் போட்டுவிட்ட கைபேசியும் அதே வலையில் சிக்குகிறது. நல்ல டிஸ்பிளேயும் நல்ல கேமராவும் இருந்தும், பிறருக்குப் பயன்படாமல் அவை நொறுக்கப்படுகின்றன. பழைய பாகங்களைக் கொண்டு ஏழைகளுக்குக் குறைந்த செலவில் பழுது பார்த்துக் கொடுக்கும் சிறு கடைக்காரருக்கு இது இழப்பு. கைபேசி வாங்க வசதியற்ற மாணவருக்கும் இழப்பு.

ஆகவே நிறுவனங்களுக்கும் ஒரு கடமை உண்டு. பூட்டுப் போடுவதில் காட்டும் அக்கறையை, உரியவர் தம் உரிமையை மெய்ப்பிக்கும் வழியை எளிதாக்குவதிலும் காட்ட வேண்டும். நகரத்தில் உள்ள ஒரு சேவை மையத்துக்கு நாற்பது கிலோமீட்டர் பயணம் செய்து, ஒருநாள் கூலியை இழந்துதான் ஒரு மூதாட்டி தம் பொருளைத் தம்முடையது என்று நிறுவ வேண்டுமா? நம் நாட்டில் நடுவண் அரசின் நுகர்வோர் நலத்துறை, பழுது பார்க்கும் உரிமை குறித்து 2022 ஜூலையில் ஒரு குழுவை அமைத்தது. அவ்வாண்டு டிசம்பர் 24 அன்று அதற்கான இணையவாயிலும் தொடங்கப்பட்டது. தெருமுனைப் பழுது பார்ப்பவரையும் மதித்து, அவருக்கும் முறையான வழியைத் திறந்துவிடுவதாக அம்முயற்சி வளருமானால் நன்று.

குடும்பங்கள் செய்யத்தக்கவை

பெற்றோர்களே, பிள்ளைகளே, இவ்வளவையும் கூறியது அச்சமூட்டுவதற்காக அன்று. சிறு ஒழுங்குகள் சிலவற்றைக் கடைப்பிடித்தால் இத்துன்பங்களில் பெரும்பகுதி நம்மை அணுகாது.

1. கைபேசி வாங்கிய பில்லையும் பெட்டியையும் பத்திரப்படுத்துங்கள். *#06# என்று அழுத்தினால் ஐ.எம்.இ.ஐ. எண் திரையில் தோன்றும். வீட்டில் உள்ள ஒவ்வொரு கைபேசியின் எண்ணையும் ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி, நிலப் பத்திரத்தோடு சேர்த்து வையுங்கள்.

2. மூத்தோருக்குக் கைபேசி வாங்கிக் கொடுக்கும் பிள்ளைகள், கடைப் பையனிடம் கணக்குத் தொடங்கும் வேலையை விடலாகாது. தாமே அருகிலிருந்து, பெற்றோர் பெயரில் தொடங்கி, கடவுச்சொல்லை அதே நோட்டில் எழுத வேண்டும். சிம் எண் மாறினால் கணக்கிலும் அன்றே மாற்ற வேண்டும்.

3. கைபேசியை விற்கும்போதோ உறவினருக்குக் கொடுக்கும்போதோ, வேண்டியவற்றை நகல் எடுத்தபின், உங்கள் கணக்கை நீக்கி, அமைப்புகள் பகுதி வழியாக ரீசெட் செய்து கொடுங்கள். ஐபோனில் 'ஃபைண்ட் மை' வசதியையும் நிறுத்துங்கள். பணத்தைப் பெற்றுக்கொண்டு சாவியை நம்மிடமே வைத்துக்கொள்வது முழுமையான விற்பனை ஆகாது.

4. பழைய கைபேசி வாங்குபவர், அது முந்தையவரின் கணக்கைக் கேட்காமல் முகப்புத் திரை வரை வருகிறதா என்று விற்பவரின் முன்னிலையிலேயே பார்க்க வேண்டும். பில்லைக் கேட்டு வாங்க வேண்டும். 14422-க்குச் செய்தி அனுப்ப வேண்டும். பழைய கைபேசி வணிகர்களும் ஐ.எம்.இ.ஐ. எண்ணைச் சரிபார்க்க வேண்டும் என்று 2025 அக்டோபரில் திருத்தப்பட்ட விதிகள் கூறுகின்றன. சந்தை விலையில் கால் பங்குக்கு ஒரு கைபேசி கிடைக்கிறதென்றால், அதற்காக எங்கோ ஒருவர் அழுதிருக்கிறார் என்பதை நினைவிற்கொள்ளுங்கள்.

5. கைபேசி தொலைந்தால் காவல் நிலையத்தில் புகார் அளித்து, அதன் நகலோடு, 2023 மே மாதத்தில் நாடு முழுமைக்கும் தொடங்கப்பட்ட 'சஞ்சார் சாத்தி' என்னும் அரசு இணையவாயிலில் அதை முடக்கக் கோருங்கள். பின்னர் இந்நாட்டின் எந்த வலைப்பின்னலிலும் அது இயங்காது. எவரேனும் அதில் சிம் இட்டால் காவல்துறைக்குத் தடம் கிடைக்கும். தொலைந்த கருவியை உங்கள் கணக்கிலிருந்து நீங்களே நீக்கிவிடாதீர்கள். அது பூட்டைத் திறந்து கொடுப்பதற்கு ஒப்பாகலாம். "உங்கள் கைபேசி கிடைத்துவிட்டது, இங்கே கடவுச்சொல்லை இடுக" என்று வரும் செய்தியை நம்பவே வேண்டாம். அது திருடன் சாவி கேட்கும் குரல்.

6. கடவுச்சொல்லை மறந்தவர் பதறி ரீசெட் செய்ய வேண்டாம். முதலில் கூகுளின் கணக்கு மீட்பு வழியை வேறொரு கைபேசியில் முயலுங்கள். கடவுச்சொல்லை மாற்றிய பின் ரீசெட் செய்ய வேண்டியிருந்தால், 24 மணி நேரமாவது பொறுத்திருங்கள். அதுவும் பயனளிக்காவிடில், பில்லோடு நிறுவனத்தின் சேவை மையத்தை அணுகுங்கள். வாங்கியதற்கான சான்று காட்டினால் ஆப்பிள் நிறுவனமும் கோரிக்கையை ஆராய்கிறது.

7. மரணத்தைப் பற்றிப் பேசத் தயங்க வேண்டாம். கூகுள் கணக்கில் நெடுநாள் செயலற்றுப் போனால் யாருக்குத் தகவல் போகவேண்டும் என்று முன்கூட்டியே குறித்து வைக்கும் வசதி 2013 முதல் உள்ளது. ஐபோனில் வாரிசுத் தொடர்பு ஒருவரை நியமிக்கும் வசதி 2021 டிசம்பரில் வந்தது. கணவனும் மனைவியும் ஒருவரை ஒருவர் நியமித்துக்கொள்ள ஆகும் நேரம் கால் மணியே. குடும்பத்தில் ஒருவர் இறந்தால், அவருடைய கைபேசியை எவரும் அவசரப்பட்டு ரீசெட் செய்ய விடாதீர்கள்.

இறுதியாக ஒரு சொல்

உடைமையைக் காப்பது பூட்டின் வேலை. உரியவரை அறிவது மனிதரின் வேலை. பொறி எவ்வளவு நுட்பமாக வளர்ந்தாலும் இவ்விரண்டாவது வேலையை அது ஏற்றுக்கொள்ளாது. கடவுச்சொல்லை அறிந்த கள்ளனை அது வரவேற்கும்; மறந்துபோன தாயை வெளியே நிறுத்தும். அத்தாய்க்காக வாதாடப் பில்லை எடுத்து வைத்த மகனும், அப்பில்லைப் பொறுமையோடு படித்துப் பார்க்கும் கடைக்காரரும் தேவை.

நம் தெருவில் அப்படி ஒரு கடைக்காரர் இருந்தால் அவரை ஆதரியுங்கள். பதிவேட்டில் கையெழுத்துக் கேட்டால் மகிழ்வோடு இடுங்கள். ஐம்பது ரூபாய் குறைவு என்பதற்காக எதையும் கேளாத கடைக்குப் போகாதீர்கள். இத்தொழில் செய்யும் நம் பிள்ளைகளுக்கோ, பில்லில்லாத கைபேசியைத் திருப்பி அனுப்பிய நாளில் வருமானம் குறைந்து வீடு திரும்பினால், ஏன் குறைந்தது என்று கடிந்துகொள்ளாத ஒரு குடும்பம் வேண்டும்.

இந்த வாரத்தின் ஒரு மாலையில், இரவு உணவுக்கு முன், குடும்பத்தார் யாவரும் தம் கைபேசிகளை மேசைமேல் வைத்து, அந்த நோட்டுப் புத்தகத்தின் முதல் பக்கத்தை எழுதத் தொடங்குங்கள்.